போதிய காரணம்

வரி கட்டச் சொல்லி வந்த உத்தரவைக் கேட்டதும் ஒரு மனிதரின் முகம் தெளிந்ததை என் தொழிலில் ஒரே ஒரு முறைதான் பார்த்திருக்கிறேன். அவர் பென்னாகரத்தில் குழாய்க் கடை வைத்திருந்த பாய். தருமபுரி நாலு ரோட்டுக்குப் பக்கத்தில் மாடியில் இருக்கும் என் அலுவலகத்துக்கு ஒரு பகல் வேளையில் ஏறி வந்து, நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, செல்போனை இரண்டு கைகளாலும் என்னிடம் நீட்டினார். "என் பையன் அனுப்பிச்சதுங்க. நான் இன்னும் தொறக்கல. நீங்களே தொறந்து பாத்துச் சொல்லுங்க" என்றார். வாட்ஸப்பில் மகன் பெயருக்கு எதிரே, படிக்காத செய்தி ஒன்று இருப்பதைக் காட்டும் பச்சைப் புள்ளி. தொட்டுத் திறந்தேன். சரக்கு சேவை வரி அலுவலகத்தின் உத்தரவு அது; பக்கம் பக்கமாக ஆங்கிலம். நான் படித்துக்கொண்டே போக, அவர் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் பொறுக்க முடியாமல், "கல்யாணப் பத்திரிகை இல்லீங்களா?" என்று கேட்டார். இல்லை, வரி போட்டிருக்கிறார்கள் என்று சொன்னேன். அவர் நீளமாக மூச்சை விட்டு, அப்போதுதான் முதுகை நாற்காலியில் சாய்த்தார். கொஞ்ச நேரம் கழித்து, "வேற ஒண்ணும் எழுதலீங்களா? கீழ தள்ளிப் பாருங்க" என்றார். தள்ளிப் பார்த்தேன். கீழே ஒன்றும் இல்லை.

எனக்கு ஆடிட்டர் பட்டம் கிடையாது. வணிகவியல் படித்துவிட்டு ஒரு வக்கீல் அலுவலகத்தில் விற்பனை வரிக் கணக்கு எழுதிப் பழகி, பிறகு தனியாக அறை எடுத்து உட்கார்ந்தவள். ஆனாலும் கடைக்காரர்களுக்கு நான் ஆடிட்டரம்மாதான். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அம்மா இருந்தவரை வீடு என்று ஒன்று இருந்தது. அம்மா போன பிறகு, அலுவலகத்தைப் பூட்டிவிட்டுப் போய்த் திறக்கிற இன்னொரு அறையாக அது ஆகிவிட்டது. பாய் என்னிடம் வந்தது அம்மா போன அடுத்த வருஷம். அதனால்தானோ என்னவோ, அவர் சொன்னதில் பாதியை அவர் சொல்லாமலேயே புரிந்துகொள்ள முடிந்தது.

அதுவரை அவருடைய கணக்குகளைப் பார்த்துவந்தவர் பென்னாகரத்திலேயே இருந்த ஒருவர். மகனோடு பள்ளியில் படித்தவர். அவருக்கு அரசு வேலை கிடைத்து வேறு ஊருக்குப் போய்விட்டார். வரித்துறையின் இணையதளத்தில் கடையின் பெயரில் பதிவாகியிருந்தது மகனின் கைபேசி எண். பதிவு செய்த காலத்தில் மகன் கடையில் இருந்தான். இந்த மாதிரி வேலைகளெல்லாம் அவன் பொறுப்பு. பிறகு பெங்களூரில் ஒரு கம்பெனியில் வேலைக்குப் போனான். மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு தாக்கல் செய்யும்போது அவன் எண்ணுக்கு ஓடிபி வரும். பழைய நண்பர் என்பதால் கணக்கர் அவனிடமே கேட்டு வாங்கி முடித்துவிடுவார். தகப்பனும் மகனும் ஒரு வார்த்தை பேசாமலேயே கடையின் கணக்கு ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தது. கணக்கர் போன பிறகு நடுவில் ஆள் இல்லை. உத்தரவு வந்தது அந்த இடைவெளியில்தான். மகனுக்குத் தகவல் போனது; அவன் அதை இறக்கித் தன் அத்தாவுக்கு, அதாவது பாய்க்கு, அனுப்பிவிட்டான்.

பாய் அதைத் திறக்கவில்லை. ஏன் என்று அன்று அவர் சொன்னதை நான் அப்படியே நினைவில் வைத்திருக்கிறேன். மகனோடு பேச்சு நின்று மூன்றாவது வருஷம் நடந்துகொண்டிருந்தது. அவ்வளவு நாளில் அவனிடமிருந்து வந்த முதல் செய்தி அது. பெயருக்குக் கீழே ஒரு காகிதத்தின் படமும் ஆங்கிலத்தில் என்னவோ எழுத்தும் தெரிந்தன. இந்தக் காலத்தில் கல்யாணப் பத்திரிகையைக்கூட இப்படித்தான் அனுப்புகிறார்கள் என்பது அவருக்குத் தெரியும். தன்னைக் கேட்காமல் அங்கேயே பெண் பார்த்து, நாளும் குறித்து, ஊராருக்கு அனுப்புவதுபோலத் தனக்கும் ஒன்று அனுப்பிவிட்டான் என்று நினைத்துக்கொண்டார். திறந்தால் தேதி தெரிந்துவிடும். தெரிந்தால் போகவும் வேண்டும், போகாமல் இருக்கவும் வேண்டும். "அதுவா இருக்கக் கூடாதுன்னு தோணும். அட, அதுவாவது அனுப்பிச்சானேன்னும் தோணும். அப்படியே வெச்சுட்டேங்க" என்றார். வரி அலுவலகத்து ஊழியர் ஒருவர் கடைக்கே வந்து, உத்தரவு போட்டு இவ்வளவு நாளாகியும் ஏன் கட்டவில்லை என்று கேட்ட பிறகுதான், மகன் அனுப்பியது அதுவாகவும் இருக்கலாம் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. அப்போதும் திறக்கவில்லை. பஸ் ஏறி என்னிடம் கொண்டுவந்துவிட்டார்.

வழக்கு ஒன்றும் மோசமானதல்ல. அவருக்குக் குழாய் கொடுத்துவந்த சேலத்து மொத்த வியாபாரி, வாங்கிய வரியை அரசுக்குக் கட்டாமல் கடையை மூடிவிட்டுப் போய்விட்டார். அந்த வரியைப் பாய் மறுபடியும் கட்ட வேண்டும், அபராதத்தோடு என்பது உத்தரவு. கடையை விற்றால்தான் கட்ட முடியும் என்கிற அளவுக்கு இருந்தது தொகை. ஆனால் பாயிடம் பில்கள் இருந்தன, வங்கி வழியாகப் பணம் கொடுத்த அத்தாட்சி இருந்தது, சரக்கு வந்து இறங்கிய லாரி ரசீதுகள் இருந்தன. சொல்ல வேண்டிய இடத்தில் சொன்னால் நிற்கும். சிக்கல் காலத்தில்தான். உத்தரவு வந்த மூன்று மாதத்துக்குள் மேல்முறையீடு செய்துவிட வேண்டும். தவறினால், போதிய காரணம் காட்டினால், மேற்கொண்டு ஒரு மாதம் வரை தாமதத்தை அதிகாரி மன்னிக்கலாம். அந்த மாதமும் கடந்துவிட்டால், அவர் மனம் இரங்கினாலும் மன்னிக்க அவருக்கு அதிகாரம் இல்லை; மெட்ராஸுக்கு, ஐகோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். பாய் என் முன்னால் உட்கார்ந்திருந்த அன்று, மன்னிக்கக்கூடிய அந்த மாதத்தில் ஒரு வாரம்கூட மீதி இல்லை.

இதை அவருக்குச் சொன்னபோது அவர் கேட்டது ஒன்றுதான். "மன்னிக்கறதுக்கும் கெடு வெச்சிருக்காங்களா?" கேலியாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். ஆமாம் என்றேன்.

தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு எழுதுவது என் பிழைப்பில் ஒரு பகுதி. அந்த மனுக்களைப் படிக்கிற யாரும் எங்கள் மாவட்டத்தில் வியாபாரம் செய்கிற எல்லாருக்கும் வருஷம் தவறாமல் மஞ்சள் காமாலை வருகிறது என்று நினைத்துக்கொள்வார்கள். முதுகுத்தண்டு தேய்ந்துபோனவர்களும் நிறையப் பேர். மருத்துவச் சான்றிதழ் ஒன்றை இணைத்துவிட்டால் அதிகாரி மேலோட்டமாகப் பார்த்துவிட்டு மன்னித்துவிடுவார். மனிதர்கள் தாமதிப்பதற்கு உண்மையில் இருக்கிற காரணங்கள் வேறு. பயம், சோம்பல், வீட்டில் நடந்த சண்டை, யாரைக் கேட்பது என்று தெரியாமை. அவற்றை எழுதினால் யாரும் ஏற்பதில்லை என்பதால் நாங்கள் காமாலையை எழுதுகிறோம். பாயிடமும் அதைத்தான் சொன்னேன். அவருக்கு அறுபதைத் தாண்டிய வயது, சர்க்கரை இருந்தது, பொய்யே சொல்ல வேண்டாம், இருக்கிற நோயையே கொஞ்சம் கூட்டிச் சொன்னால் போதும். அவர் தலையை அசைத்துவிட்டார். "தெனம் கடையத் தொறந்துதாங்க உக்காந்திருந்தேன். ஊரே பாத்துச்சு. படுத்திருந்தேன்னு எப்படிங்க கையெழுத்துப் போடறது?"

அடுத்த வழி, மகனைக் காரணம் காட்டுவது. எண் அவனுடையது, தகவல் அவனுக்குப் போனது, அவன் சரியாகத் தெரிவிக்கவில்லை, தகப்பனுக்கும் அவனுக்கும் தொடர்பு இல்லை. சட்டத்துக்குப் புரிகிற காரணம். அதைக் கேட்டதும் பாய் முதல் தடவையாகக் குரலை உயர்த்தினார். "அவன் அனுப்பிச்சானுங்க. அன்னிக்கே அனுப்பிச்சிருக்கான். நான்தான் பாக்கல. அவன் மேல குத்தம் எழுதற காயிதத்துல நான் கையெழுத்துப் போட மாட்டேன். கடை போனாப் போவட்டும்."

அவர் போன பிறகு மகனை நானே கூப்பிட்டேன். செய்தி அனுப்பிய விவரம் மனுவுக்குத் தேவைப்பட்டது. யார் என்று சொன்னதும் அவன் கேட்டது அத்தாவுக்கு உடம்பு சரியில்லையா என்று. இல்லை என்று சொல்லி விஷயத்தைச் சொன்னேன். உத்தரவு வந்த அன்று சாயங்காலமே அனுப்பிவிட்டதாகச் சொன்னான். கூட இரண்டு வரி எழுத நினைத்து, எழுதி எழுதி அழித்து, கடைசியில் உத்தரவை மட்டும் அனுப்பியிருக்கிறான். அதற்குப் பிறகு அந்த இரண்டு டிக்கும் நீலமாகிறதா என்று பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறான். ஆகவில்லை. தன் பெயரைப் பார்த்ததும் அத்தாவுக்குத் தொடக்கூடப் பிடிக்கவில்லை என்று முடிவு கட்டிவிட்டான். "இன்னிக்கி மத்தியானம்தாங்க மேடம் நீலமாச்சு. அத்தா பாத்துட்டாரு" என்றான். அந்தக் குரலில் இருந்த ஏதோ ஒன்றைக் கேட்ட பிறகு, திறந்தது நான்தான் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. மனு எழுதுவதில் இருக்கிற கஷ்டத்தைச் சொன்னேன். அவன் யோசிக்கவே இல்லை. "என் மேல எழுதிக்குங்க. நான்தான் சொல்லாம விட்டேன்னு எழுதுங்க. என்ன இப்ப" என்றான்.

இரண்டு பேரும் குற்றத்தைத் தத்தம் பக்கம் இழுத்துக்கொண்டார்கள். அதை ஒருவரிடம் ஒருவர் சொல்லியிருந்தால் என் வேலை எவ்வளவோ சுலபமாக இருந்திருக்கும். கடைசியில் பாய் சொன்னதையே எழுதினேன். மகன் உத்தரவை உடனே அனுப்பினார், மனுதாரர் சொந்தக் குடும்ப மனவருத்தத்தால் அந்தச் செய்தியைத் திறந்து பார்க்கவில்லை, தாமதம் மனுதாரருடையது, மன்னிக்க வேண்டும். இப்படி ஒரு மனுவை அதற்கு முன்னும் பின்னும் நான் எழுதியதில்லை. தன் அலட்சியத்தையே காரணமாகச் சொல்வது போதிய காரணம் ஆகாது என்று எந்த அதிகாரியும் ஒரே வரியில் தள்ளிவிடலாம். அதைப் பாயிடம் விளக்கினேன். சரிங்க என்றார்.

மேல்முறையீட்டை இணையதளத்தில் ஏற்றுவதற்கு ஓடிபி வேண்டும். அது மகனுடைய எண்ணுக்குத்தான் போகும். பத்து நிமிஷத்துக்குள் போடாவிட்டால் காலாவதியாகிவிடும். நானே அவனைக் கூப்பிட்டிருக்கலாம். கூப்பிடத்தான் போனை எடுத்தேன். மேசைக்கு எதிரே இருந்த பாய், "நான் கேக்கட்டுங்களா?" என்றார். சட்டைப் பையிலிருந்து தன் போனை எடுத்து, பெயரைத் தேடி, அழுத்திவிட்டு, ஒலிபெருக்கியில் போடத் தெரியாமல் காதோடு ஒட்டி வைத்துக்கொண்டார். அந்தப் பக்கம் உடனே எடுத்துவிட்டான்போலிருக்கிறது. பாய், வரித்துறையிலிருந்து வந்த நம்பரைச் சொல்லு என்பதற்குப் பதிலாக, "நான்தான்" என்றார். அப்புறம், "அந்த நம்பரு" என்றார். அவன் ஒவ்வொரு எண்ணாகச் சொல்ல, இவர் ஒவ்வொன்றையும் திருப்பி எனக்குச் சொன்னார். நான் தட்டினேன். ஏற்றுக்கொண்டது. முடிந்துவிட்டது என்று சைகை காட்டினேன். அவர் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. அந்தப் பக்கமும் துண்டிக்கவில்லை. கீழே தெருவில் பஸ் ஆட்கள் பாப்பாரப்பட்டி, பாப்பாரப்பட்டி என்று கூவுவது கேட்டுக்கொண்டிருந்தது. அது அவனுக்கும் கேட்டிருக்கும். கடைசியில், "சரி வெக்கட்டுமா" என்றார் பாய். வைத்துவிட்டார்.

விசாரணை சேலத்தில். காலையிலேயே போய், கூப்பிடுவதற்காக வராந்தாவில் போட்டிருந்த பெஞ்சில் காத்திருந்தோம். அங்கேதான், நான் கேட்காமலே, பேச்சு நின்ற கதையைச் சொன்னார். அவர் மனைவி மாரடைப்பில் போனது ஒரு காலை நேரத்தில். பெங்களூரில் இருந்த மகனுக்கு உடனே சொல்லியாயிற்று. மத்தியானத்துக்குள் வந்துவிடுவேன் என்றான். வரவில்லை. போன் போட்டால் எடுக்கவில்லை. மையத்தை, இறந்தவர் உடலை, ரொம்ப நேரம் வைத்திருக்கக் கூடாது என்று ஜமாத்துப் பெரியவர்கள் சொன்னார்கள். வெயில் காலம் வேறு. சாயங்காலத்து அசர் தொழுகை வரைக்கும் பார்த்துவிட்டு எடுத்துவிட்டார்கள். மண் போட்டுவிட்டுத் திரும்பி வந்து வாசலில் உட்கார்ந்திருக்கும்போது மகன் வந்து இறங்கினான். சொந்தக்காரர்கள் எல்லாரும் இருந்தார்கள். பாய் எழுந்து நின்று, இப்போதுதான் வழி தெரிந்ததா என்று கேட்டுவிட்டார். அவன், எங்க அம்மாவுக்காகக் கொஞ்ச நேரம் காத்திருக்கக் கூடாதா என்று மட்டும் கேட்டான். வீட்டுக்குள் காலே வைக்காமல், அந்த வாசலிலிருந்தே திரும்பிப் போனவன்தான். "அப்புறம் நான் கூப்புடல, அவனும் கூப்புடல" என்று முடித்தார். இவ்வளவையும் எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னார்.

அதிகாரி ஓய்வு பெறும் வயதை நெருங்கியவர். மனுவை முன்பே படித்திருந்தார் என்பது தெரிந்தது. நான் எழுந்து வழக்கமாகச் சொல்கிற வார்த்தைகளை ஆரம்பித்ததும், உட்காரச் சொல்லிவிட்டுப் பாயைப் பார்த்தார். "சொந்தப் பையன் அனுப்பின மெசேஜ மாசக்கணக்காத் தொறக்கலன்னு எழுதியிருக்கீங்க. நான் இத எப்படி நம்பறது? ஏன் தொறக்கல?" என்று கேட்டார். கோபமில்லை, ஆனால் இளக்கமும் இல்லை.

பாய் எழுந்து நின்றார். கல்யாணப் பத்திரிகை என்று நினைத்ததைச் சொன்னார். இதோடு முடிந்தது என்றுதான் நான் நினைத்தேன். அப்புறம் மெதுவாகச் சொன்னார்: "அவங்கம்மா மையத்துக்கு அவன் லேட்டா வந்தானுங்க. ஏன்டா லேட்டுன்னு நான் கேக்கலீங்க. ஏசிட்டேன். இன்னிக்கி நான் லேட்டா வந்து நிக்கறேன். நீங்க ஏன்னு கேக்கறீங்க. அதுவே பெருசுங்க எனக்கு."

அதிகாரி எதையோ எழுதினார். அந்த மகன் இப்போதும் பெங்களூரில்தான் இருக்கிறானா என்று கேட்டார். ஆமாங்க என்றார் பாய். சரி, போங்கள், உத்தரவு வரும் என்றார். இரண்டு வாரத்தில் வந்தது. தாமதம் மன்னிக்கப்பட்டு மேல்முறையீடு ஏற்கப்பட்டது. காரணம் என்ற இடத்தில், மனுதாரர் நேரில் அளித்த விளக்கம் ஏற்கத்தக்கதாக உள்ளது என்று ஒரே வரி இருந்தது. அடுத்த வருஷம் வழக்கிலும் பில்களைப் பார்த்துவிட்டு வரியைத் தள்ளுபடி செய்தார்கள். கடை தப்பியது. ஆனால் அதைப் பற்றிச் சொல்ல எனக்கு அதிகம் இல்லை. பாய்க்கும் அது பெரிய செய்தியாக இருக்கவில்லை.

இணையதளத்தில் கைபேசி எண்ணை மாற்றிவிடலாம், உங்கள் எண்ணையே போட்டுவிடலாம் என்று நான் சொன்னேன். இனி இப்படி ஒரு தவறு நடக்காமல் இருக்க அதுதான் வழி. பாய், "இருக்கட்டுங்க" என்றார். எனக்குப் புரிந்தது. அதற்குப் பிறகு மூன்று மாதத்துக்கு ஒருமுறை, கணக்கு தாக்கல் செய்யும் நாளில், பென்னாகரத்திலிருந்து பஸ் ஏறி என் அலுவலகத்துக்கு வந்து, எதிரே உட்கார்ந்து, தன் போனிலிருந்து மகனைக் கூப்பிடுவார். வீட்டிலிருந்தே கூப்பிட்டு எண்ணை எனக்குச் சொல்லியிருக்கலாம். ஆனால் காரணம் எதுவும் இல்லாமல் மகனைக் கூப்பிட அவருக்குக் கூச்சமாக இருந்தது. என் மேசை முன்னால் உட்கார்ந்தால் அரசாங்கக் காரியமாகிவிடும். எண்களைச் சொல்லி முடித்த பிறகு பேச்சு கொஞ்சம் கொஞ்சமாக நீண்டது. அங்கே மழையா, இங்கே மழையில்லை. மூட்டு வலி. தெருவில் யாரோ வீடு கட்டுகிறார்கள். நான் கணினியில் ஏதோ வேலை இருப்பதுபோலப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

ஒரு தடவை எண்களைச் சொல்லி முடித்து, மழையைப் பற்றியும் பேசி முடித்த பிறகு, பாய் சட்டென்று கேட்டார்: "ஏம்ப்பா, அன்னிக்கி ஏன் லேட்டாச்சு உனக்கு?"

நான் எழுந்து வெளியே போயிருக்க வேண்டும். எழுந்தால் நாற்காலி சத்தம் போடும் என்று அப்படியே இருந்துவிட்டேன். அந்தப் பக்கம் அவன் சொல்ல ஆரம்பித்தான். வெகுநேரம் சொன்னான். வார்த்தைகள் எதுவும் எனக்கு எட்டவில்லை. குரல் ஏறி இறங்குவது மட்டும் கேட்டது. பாய் நடுவில் ஒரு தடவைகூட ம் கொட்டவில்லை. கண்களை மூடிக்கொண்டு கேட்டார். முடிந்ததும், "எனக்குத் தெரியாதேப்பா" என்றார். போனை வைத்துவிட்டுத் தண்ணீர் கேட்டார். குடித்தார். அடுத்த பஸ்ஸுக்கு நேரமாகிறது என்று கிளம்பினார். மகன் என்ன சொன்னான் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. எத்தனையோ பேருடைய தாமதங்களுக்குக் காரணம் எழுதித் தந்தவள் நான். அந்த ஒரு காரணம் மட்டும் எனக்குக் கடைசிவரை தெரியாது.

மகன் அதற்குப் பிறகு ஊருக்கு வந்துபோக ஆரம்பித்தான். கல்யாணமும் நடந்தது, பெங்களூரில். பாய் போய் இரண்டு நாள் இருந்துவிட்டுத் திரும்பிவிட்டார். அங்கேயே வந்து இருக்கச் சொல்லி மருமகளும் கூப்பிட்டிருக்கிறாள். அந்த ஊரில் எந்தக் கதவைப் பார்த்தாலும் மூடியே இருக்கிறது என்றார் என்னிடம். பென்னாகரத்தில் அவர் வீடு திறந்துதான் இருந்தது. உள்ளே யாருமில்லை, அவ்வளவுதான். மத்தியானம் ஹோட்டலில் சாப்பிட்டுவிட்டு, ராத்திரிக்கு ரொட்டி வாங்கிக்கொண்டு போவார். எல்லாம் சரியாகிவிட்டது என்று நானும் சில நாள் நினைத்தேன். மன்னிப்பு கிடைத்துவிட்டால் வழக்கு தொடங்குகிறது, அவ்வளவுதான் என்பது எங்கள் தொழிலில் எல்லாருக்கும் தெரியும். போன வருஷங்கள் திரும்பி வருவதில்லை. அந்த வீட்டுக்கு அவர் மனைவியும் திரும்பி வரவில்லை. மகன் வந்தால் இருக்கிற இரண்டு நாளும், போனபிறகு வருகிற இரண்டு நாளும் சேர்ந்து அவரை முன்னைவிடத் தளர்த்தின என்றுதான் எனக்குத் தோன்றியது.

போன வருஷம் மகன் என்னைக் கூப்பிட்டான். கணக்கு தாக்கல் செய்யும் நாள் அல்ல. "அத்தா மவுத்தாயிட்டாருங்க மேடம். அசருக்கு அப்புறம் எடுக்கறோம்" என்றான். அவன் முதல் நாளே வந்து ஆஸ்பத்திரியில் பக்கத்திலேயே இருந்திருக்கிறான். நான் கையிலிருந்த வேலையை அப்படியே விட்டுவிட்டுப் பஸ் ஏறினேன். நேரம் இருந்தது. ஆனால் இண்டூரைத் தாண்டியதும் பாதையில் ஒரு லாரி கவிழ்ந்து கிடந்தது. தக்காளிக் கூடைகள் ரோடு முழுக்கச் சிதறியிருந்தன. பஸ் நகரவில்லை. இறங்கி நடந்து, லாரிக்கு அந்தப் பக்கம் நின்ற ஒரு டெம்போவில் ஏறி, பென்னாகரம் போய்ச் சேரும்போது அசர் முடிந்து வெகுநேரம் ஆகியிருந்தது. வழியில் மகனைக் கூப்பிடத் தோன்றவில்லை. கூப்பிட்டு என்னவென்று சொல்வது? நான் அவர்களுக்கு யார்? கணக்கு எழுதுகிறவள். எனக்காக யாரும் எதையும் நிறுத்தப் போவதில்லை. மையம் எடுத்துவிட்ட வீட்டு வாசலில் ஒரு நிமிஷம் நின்றுவிட்டுத் திரும்பிவிடலாம் என்றுதான் அந்தத் தெருவுக்குள் நுழைந்தேன்.

தெரு நிறைய ஆட்கள் நின்றிருந்தார்கள். வாசலில் மையத்தைச் சுமக்கிற சந்தூக் வெறுமையாக இருந்தது. தொப்பி அணிந்த பெரியவர் ஒருவர் மேற்கே பார்த்துக்கொண்டே யாரிடமோ என்னவோ சொல்லிக்கொண்டிருந்தார்; சூரியன் இறங்கிக்கொண்டிருந்தது. மகன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு என்னிடம் வந்தான். அவ்வளவு வருஷம் குரலை மட்டும் கேட்டிருந்தேன். முகத்தைப் பார்ப்பது அன்றுதான் முதல் தடவை. தகப்பனின் நெற்றி அப்படியே. "தருமபுரியிலிருந்து ஒருத்தரு வரணும், வந்ததும் எடுக்கலாம்னு சொல்லி வெச்சிருந்தேங்க" என்றான். நான் லாரி கவிழ்ந்ததைச் சொல்ல ஆரம்பித்தேன். அவன் குறுக்கிடவில்லை. சுற்றி இத்தனை பேர் காத்திருக்கும்போதும், நான் சொல்லி முடிக்கிறவரை நின்று கேட்டான். பிறகு உள்ளே கூட்டிப்போய் முகத்தைக் காட்டினான். பாய் தூங்குவதுபோல எல்லாம் இல்லை. இறந்துதான் போயிருந்தார்.

தூக்கினார்கள். ஆண்கள் எல்லாரும் தோள் மாற்றிக்கொண்டு தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே பெண்கள் ஓதும் சத்தம் கேட்டது. மருமகள் வந்து உட்காரச் சொன்னாள். இல்லையம்மா, பஸ் போய்விடும் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன். திரும்பும்போது லாரியை ஓரமாகத் தள்ளியிருந்தார்கள். டயர்கள் ஏறி நசுங்கிய தக்காளி வாசம் பஸ்ஸுக்குள் வந்தது. தருமபுரியில் இறங்கி நடந்து, கதவைத் திறந்து விளக்கைப் போட்டபோது வழக்கமாக வருகிற நேரத்தைவிட வெகுநேரம் கடந்திருந்தது. ஏன் இவ்வளவு தாமதம் என்று கேட்க வீட்டில் யாரும் இல்லை.